பேர் போட்டு வந்த தபால்

அரசு அலுவலகத்துக்குக் கோர்ட்டிலிருந்து வரும் தபால் இரண்டு வகை. ஒன்று பதவிக்கு வருவது. ‘மாவட்டக் கல்வி அலுவலர்’ என்று மட்டும் இருக்கும். இன்னொன்று, அந்த நாற்காலியில் இருக்கிறவரின் பெயரை இனிஷியலோடு போட்டு, பதவியை அதற்குக் கீழே எழுதி வருவது. முதல் வகைக்குத் தபால் பிரிவில் சீல் விழும், பதிவேட்டில் ஏறும், பிரிவு உதவியாளரின் மேசைக்குப் போகும், அங்கே ஏற்கெனவே இருக்கிற அடுக்கில் சேரும். இரண்டாவது வகையை யாரும் அடுக்கில் வைப்பதில்லை. அது வந்ததும் அதிகாரி மணியடிப்பார், கண்காணிப்பாளர் ஓடுவார், “அந்த ஃபைல் எங்கய்யா?” என்ற குரல் எல்லா அறையிலும் கேட்கும்.

அரசு அலுவலகத்தின் முடிவை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் போடும் ரிட் மனுவில் எதிர்மனுதாரர் பதவி. கோர்ட் உத்தரவை நிறைவேற்றவில்லை என்று போடும் நீதிமன்ற அவமதிப்பு மனுவில், அதாவது கன்டெம்டில், எதிர்மனுதாரர் ஆள். கன்டெம்டின் பலம் முழுக்க இந்த ஒரு வித்தியாசத்தில்தான் இருக்கிறது என்பது, பல ஆண்டுகள் அந்தத் தபாலைப் பிரித்துப் பார்த்த என் கருத்து. பள்ளிக் கல்வித் துறையில் கண்காணிப்பாளராக இருந்து ஓய்வு பெற்றவன் நான். தென் மாவட்டம் ஒன்றில் கோர்ட் கேஸ் பிரிவைப் பார்த்தேன். எந்த அலுவலகம் என்பது இங்கே வேண்டாம்.

இதை இப்போது எழுதக் காரணம் என் அக்கா மகள். அரசு உதவி பெறும் பள்ளி ஒன்றில் பட்டதாரி ஆசிரியை. வேலையில் சேர்ந்த நாளிலிருந்து நியமன ஒப்புதல் வரவில்லை. ஒப்புதல் இல்லாததால் அரசுச் சம்பளமும் இல்லை. நிர்வாகம் கொடுக்கும் சிறு தொகையில் ஓட்டிக்கொண்டிருந்தாள். உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் ரிட் போட்டு ஜெயித்தும்விட்டாள். உத்தரவில் கொடுத்த கெடு முடிந்து மாதங்கள் ஆன பிறகு போனில் கேட்டாள்: “மாமா, கன்டெம்ட் போட்டா அந்த ஆபீசரை ஜெயில்ல போட்ருவாங்களா? பாவம், அவரு நல்லாத்தான் பேசுறாரு.”

போட மாட்டார்கள் என்றேன். அவளுக்குப் பாதி நிம்மதி, பாதி ஏமாற்றம்.

உதவி பெறும் பள்ளிகளைப் பற்றித் தெரியாதவர்களுக்காக ஒரு வார்த்தை. ஆசிரியரை நியமிப்பது பள்ளி நிர்வாகம், சம்பளம் கொடுப்பது அரசு. நடுவில் மாவட்டக் கல்வி அலுவலரின் ஒப்புதல் வேண்டும். பள்ளிச் செயலர் ஒப்புதல் கேட்டுக் கருத்துரு அனுப்புவார். அலுவலகம் அதை ஏதாவது ஒரு காரணம் சொல்லித் திருப்பும். அதே நிர்வாகத்தின் வேறு பள்ளியில் உபரி ஆசிரியர் இருக்கிறார் என்பார்கள், தகுதித் தேர்வு தேர்ச்சி இல்லை என்பார்கள், பணியிடம் நிரப்ப முன் அனுமதி வாங்கவில்லை என்பார்கள். சில காரணங்கள் நியாயமானவை. சிலவற்றை எழுதும்போதே, இது கோர்ட்டில் நிற்காது என்று எழுதுகிற உதவியாளருக்குத் தெரியும். ஆனால் ஒப்புதல் கொடுத்துவிட்டு நாளைக்குத் தணிக்கையில் மாட்டுவதைவிட, மறுத்துவிட்டுக் கோர்ட் சொல்லிக் கொடுப்பது பாதுகாப்பு. இப்படித்தான் நிறைய வழக்குகள் பிறக்கின்றன. அதிகாரிக்குக் கோர்ட் உத்தரவு ஒரு குடை. தணிக்கை மழை பெய்தால் பிடித்துக்கொள்ளலாம்.

சரி, உத்தரவு வந்துவிட்டது. பெரும்பாலும் அதன் கடைசிப் பத்தி இப்படி இருக்கும்: இந்த உத்தரவின் நகல் கிடைத்த நாளிலிருந்து எட்டு வாரத்துக்குள், அல்லது பன்னிரண்டு வாரத்துக்குள், எதிர்மனுதாரர் ஒப்புதல் வழங்க வேண்டும். நீதிபதி உத்தரவு போட்ட நாளிலிருந்து கெடு ஓடுகிறது என்று மனுதாரர்கள் நினைக்கிறார்கள். நகல் அலுவலகத்தில் சேர்ந்த நாளிலிருந்துதான் ஓடும். வக்கீல் வாங்கிக் கொடுத்த நகலைத் தபாலில் போட்டுவிட்டு, ரசீதை எங்கேயோ வைத்துவிட்டு வந்தவர்களைப் பார்த்திருக்கிறேன். பிறகு கன்டெம்ட் வரும்போது அலுவலகம் சொல்லும் முதல் பதில்: “நகல் எங்களுக்குக் கிடைக்கப் பெறவில்லை.” உத்தரவு தெரியாது என்றால் வேண்டுமென்றே மீறினார் என்று சொல்ல முடியாது. ஒரு வரியில் சில மாதங்கள் கிடைத்துவிடும்.

அதனால் அக்கா மகளிடம் முதலிலேயே சொல்லிவிட்டேன். சான்றிட்ட நகலோடு ஒரு கடிதம் வைத்து, போய்ச் சேர்ந்ததற்குச் சான்று கிடைக்கும்படி ஸ்பீட் போஸ்டில் ஒன்று அனுப்பு. இன்னொன்றை நேரில் தபால் பிரிவில் கொடுத்து, உன் பிரதியில் சீலும் தேதியும் வாங்கு. சீல் போட மாட்டேன் என்றால் அங்கேயே நில்.

நகல் வந்த பிறகு உள்ளே என்ன நடக்கிறது என்பதுதான் வெளியே இருப்பவர்களுக்குப் புரியாத பகுதி. மாவட்ட அதிகாரி தானாகக் கையெழுத்துப் போட்டு முடிக்கலாமே என்று தோன்றும். போட மாட்டார். இந்த உத்தரவை நிறைவேற்றுவதா, மேல்முறையீடு செய்வதா என்று முடிவெடுக்கும் அதிகாரம் அவரிடம் இல்லை என்பது அலுவலக நடைமுறை. அவர் இயக்குநருக்கு எழுதுவார். இயக்குநர் அலுவலகம் பத்திவாரிக் குறிப்புரை கேட்கும், அரசு வழக்கறிஞரின் கருத்து கேட்கும். பிறகு கோட்டைக்கு, அதாவது தலைமைச் செயலகத்துக்குப் போகும். அங்கே துறையிலிருந்து சட்டத்துறைக்கு, பணம் சம்பந்தப்பட்டிருந்தால் நிதித்துறைக்கும். ஒவ்வொரு இடத்திலும் ஒரு ‘விவரம் தேவை’ கடிதம் திரும்பி வரும். அந்தக் கடிதத்துக்குப் பதில் எழுத இங்கே உள்ள உதவியாளர் பள்ளிச் செயலரிடம் விவரம் கேட்பார். ஏற்கெனவே வழக்கில் கொடுத்த அதே விவரம்தான்.

தனி நீதிபதி உத்தரவை எதிர்த்து ரிட் அப்பீல் போட முப்பது நாள். கோப்பு கோட்டைக்குப் போய்ச் சேரவே அதைவிட அதிகமாகும். ஆகவே அரசு போடும் அப்பீலோடு எப்போதும் ஒரு குட்டி மனு ஒட்டிக்கொண்டு வரும்: தாமதத்தை மன்னிக்க வேண்டும்.

போதாக்குறைக்குத் துறையை அவ்வப்போது மாற்றியமைப்பார்கள். 2018இல் மாவட்ட அலுவலகங்களின் அதிகாரங்களை ஒன்றாக்கிப் புதிய கல்வி மாவட்டங்களை உண்டாக்கினார்கள். 2022இல் தொடக்கக் கல்விக்கு ஒருவர், இடைநிலைக் கல்விக்கு ஒருவர், தனியார் பள்ளிகளுக்கு ஒருவர் என்று மாவட்டக் கல்வி அலுவலர்களை மறுபடியும் பிரித்தார்கள். இரண்டு முறையும் கோப்புகள் மூட்டை கட்டி வேனில் ஏறின. ரிட்டில் எதிர்மனுதாரராக இருந்த அலுவலகத்துக்கு இப்போது அந்தப் பள்ளி சொந்தமில்லை. புது அலுவலகம் வழக்கில் கட்சியே இல்லை. இரண்டு பேரும் உத்தரவை ஒருவருக்கொருவர் ‘தக்க நடவடிக்கைக்காக’ அனுப்பிக்கொண்டிருப்பார்கள். ஒரு கோப்பில் அந்தப் போக்குவரத்துக் கடிதங்கள் மட்டும் மூல வழக்கை விடத் தடிமனாக இருந்தன.

இதில் வேண்டுமென்றே செய்த மீறல் எது, சோம்பல் எது, பயம் எது என்று பிரிப்பது கஷ்டம். ஆனால் 1971ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் அதைத்தான் கேட்கிறது. தீர்ப்பையோ உத்தரவையோ வேண்டுமென்றே மீறுவது, அல்லது கோர்ட்டுக்குக் கொடுத்த உறுதிமொழியை வேண்டுமென்றே மீறுவது, இதுதான் சிவில் அவமதிப்பு. பத்திரிகைகளில் அதிகம் அடிபடும் ‘நீதிபதியை விமர்சித்தார்’ வகை வேறு, அது கிரிமினல் அவமதிப்பு. எங்கள் அலுவலகத்துக்கு வந்ததெல்லாம் சிவில் வகைதான். அதற்கு அலுவலகம் தரும் பதிலுரை ஒரே அச்சு: ‘நிருவாகக் காரணங்களால் ஏற்பட்ட காலதாமதம் வேண்டுமென்றே நிகழ்ந்ததல்ல, இதற்காக நிபந்தனையற்ற மன்னிப்புக் கோருகிறேன்.’ பழைய கோப்பிலிருந்து எடுத்து, பெயரும் வழக்கு எண்ணும் மாற்றினால் போதும்.

தண்டனை? அதிகபட்சம் ஆறு மாத வெறுங்காவல், அல்லது இரண்டாயிரம் ரூபாய் அபராதம், அல்லது இரண்டும். 1971இல் எழுதிய இரண்டாயிரம் இன்றைக்கும் இரண்டாயிரமாகவே நிற்கிறது. அன்றைக்கு மாவட்ட அதிகாரிக்கு அது பெரிய தொகை. இன்றைக்கு மதுரைக்குக் கார் பிடித்து வந்து போகும் செலவே அதைத் தாண்டிவிடும்.

ஆனால் ஒத்தக்கடை வரைக்கும் அந்தக் கார் போகிறதே, அந்தப் பயணம்தான் தண்டனை. 2004 ஜூலையில் மதுரைக் கிளை திறந்ததிலிருந்து தென் மாவட்ட அதிகாரிகளுக்குச் சென்னை ரயில் மிச்சம், பயம் மட்டும் பக்கத்தில் வந்துவிட்டது. முதலில் அரசு வழக்கறிஞர் மூலமாக நோட்டீஸ் போகும். அதற்குப் பதில் இல்லை என்றால் சட்டப்படியான நோட்டீஸ், ஸ்டாட்யூட்டரி நோட்டீஸ் என்பார்கள். அது வந்தால் அதிகாரியே நேரில் நிற்க வேண்டும். வழக்கு வரும் முந்தின நாள் அரசு வழக்கறிஞர் அலுவலகத்திலிருந்து போன் வரும். “சார், வெறுங்கையோட வராதீங்க. ஆர்டரோட வாங்க.” அவ்வளவுதான். மாதக்கணக்கில் நகராத கோப்பு அன்று சாயங்காலம் நகரும். கோட்டையிலிருந்து கடிதம் மெயிலில் வரும், இயக்குநரிடமிருந்து வாய்மொழி உத்தரவு வரும், விளக்கு எரிய உட்கார்ந்து ‘செயல்முறைகள்’ என்ற தலைப்பில் ஒப்புதல் ஆணை தட்டச்சாகும், பள்ளிச் செயலரை வீட்டிலிருந்து வரவழைத்து நகலைக் கையில் கொடுப்பார்கள். மறுநாள் நீதிபதி முன்னால் “உத்தரவு நிறைவேற்றப்பட்டுவிட்டது” என்று அரசு வழக்கறிஞர் சொல்வார். மனு முடித்து வைக்கப்படும்.

இத்தனை நாள் தேவைப்பட்ட அனுமதிகளெல்லாம் ஒரு ராத்திரியில் எப்படிக் கிடைத்தன என்று எந்த அதிகாரியும் எனக்கு விளக்கியதில்லை.

ஓய்வு பெறும் மாதத்தில் கன்டெம்ட் வாங்கிய அதிகாரியின் முகத்தைப் பார்த்தால் இன்னும் நன்றாகப் புரியும். அவருக்கு முன்னால் அந்த நாற்காலியில் இருந்த இரண்டு மூன்று பேர் சும்மா வைத்திருந்த கோப்பு. மனு வந்த நேரத்தில் இவர் உட்கார்ந்திருந்தார், அதனால் இவர் பெயர். “ஐயா, நமக்கு இதில் சம்பந்தமே இல்லைன்னு பதிலுரை போடலாம்” என்றால், “அதெல்லாம் வேண்டாம், ஒப்புதலைக் கொடுத்துத் தொலைங்க” என்பார்.

உண்மையிலேயே சிறைத் தண்டனை விதித்த வழக்குகள் உண்டு, ஆனால் அவை பெயர் சொல்லி நினைவு வைத்துக்கொள்ளும் அளவுக்குக் குறைவு. 1995இல் கர்நாடகத்தின் வீட்டுவசதி, நகர்ப்புற வளர்ச்சித் துறைச் செயலர் ஜே. வாசுதேவனுக்கு உச்ச நீதிமன்றம் ஒரு மாத வெறுங்காவல் கொடுத்தது. பெங்களூரு மாநகராட்சிப் பொறியாளர் ஒருவரின் பதவி உயர்வு வழக்கு அது. 2006இல் மகாராஷ்டிரத்தில் மர அறுவை ஆலைகளுக்குக் கோர்ட் தடையை மீறி அனுமதி கொடுத்ததற்காக அமைச்சர் சுரூப்சிங் நாயக், முதன்மைச் செயலர் அசோக் கோத் இருவருக்கும் ஒரு மாதம். 2025 மே மாதம் ஆந்திரத்தில் வேறு மாதிரி: தாசில்தாராக இருந்தபோது உயர் நீதிமன்ற உத்தரவை மீறிக் குடிசைகளை இடித்தவர் துணை ஆட்சியராகியிருந்தார். உச்ச நீதிமன்றம் அவரை மறுபடி தாசில்தாராக இறக்கி, சட்டத்தில் உள்ள இரண்டாயிரத்தையும் தாண்டி ஒரு லட்சம் ரூபாய் அபராதமும் போட்டது. இந்தக் கடைசித் தீர்ப்பு வந்த வாரம் எங்கள் பழைய அலுவலக வாட்ஸ்அப் குழுவில் நடந்த பேச்சைப் பார்க்க வேண்டுமே. ஜெயிலைப் பற்றி ஒருவரும் கவலைப்படவில்லை. “பதவியிறக்கமா?” என்றுதான் எல்லோரும் கேட்டார்கள்.

அதே மே மாதம் சென்னையில் சி.எம்.டி.ஏ. எனப்படும் சென்னைப் பெருநகர வளர்ச்சிக் குழுமத்தின் முன்னாள் உறுப்பினர் செயலருக்கு உயர் நீதிமன்றத் தனி நீதிபதி ஒரு மாதச் சிறை விதித்தார். மனுவைப் பரிசீலிக்கச் சொன்ன உத்தரவைக் காலத்தில் நிறைவேற்றவில்லை என்பதுதான் புகார். இரண்டு நீதிபதிகள் கொண்ட டிவிஷன் பெஞ்ச் அதை நிறுத்தி வைத்தது. கீழே தண்டனை, மேலே நிறுத்திவைப்பு என்பதுதான் வழக்கமான கதை.

இன்னொரு பக்கமும் சொல்ல வேண்டும். அதிகாரிகளை எடுத்ததற்கெல்லாம் நேரில் கூப்பிட்டு நிறுத்துவது சரியில்லை என்று 2024 ஜனவரி 3ஆம் தேதி உச்ச நீதிமன்றம் வழிமுறை வகுத்தது. அலகாபாத் உயர் நீதிமன்றம் உத்தரப் பிரதேச நிதித்துறை அதிகாரிகள் இருவரைக் காவலில் எடுக்கச் சொன்னதிலிருந்து கிளம்பிய வழக்கு. நேரில் வர வேண்டிய கட்டாயம் இருந்தால் முதலில் காணொளியில் வாய்ப்புக் கொடுக்க வேண்டும், உடையைப் பற்றிப் பேசிச் சிறுமைப்படுத்தக் கூடாது, கெடு போதாது என்று அரசு நியாயமாகக் கேட்டால் பரிசீலிக்கலாம் என்றெல்லாம் அதில் இருக்கிறது. நியாயம்தான். கோர்ட் வராண்டாவில் காலையிலிருந்து மாலை வரை ஒரு மாவட்ட அதிகாரி நின்றால், அன்றைக்கு அந்த மாவட்டத்தில் வேறு எந்தக் கோப்பும் நகராது. ஆனால் கால நீட்டிப்பு மனு என்று ஒன்று இருப்பதே, கெடு முடிந்த பிறகுதான் எங்கள் ஆட்களுக்கு ஞாபகம் வரும். கெடுவுக்குள் கேட்டிருந்தால் பாதிக் கன்டெம்ட் வந்தேயிருக்காது.

அரசுக்குக் கன்டெம்டின் ருசி தெரியாது என்றும் நினைக்க வேண்டாம். 2018 பிப்ரவரி 16ஆம் தேதி காவிரித் தீர்ப்பில், அதை நிறைவேற்ற ஆறு வாரத்துக்குள் திட்டம் வகுக்கும்படி மத்திய அரசிடம் சொன்னது உச்ச நீதிமன்றம். கெடு முடிந்த கையோடு, மார்ச் 31ஆம் தேதியே தமிழ்நாடு அரசு மத்திய அமைச்சரவைச் செயலர் மீதும் நீர்வளத் துறைச் செயலர் மீதும் அவமதிப்பு மனு போட்டது. ஜூன் 1ஆம் தேதி திட்டம் அரசிதழில் வந்துவிட்டது. எட்டு வாரக் கெடு முடிந்து எட்டு மாதமானாலும் ‘நிருவாகக் காரணம்’ என்று எழுதும் அதே அரசுதான். தான் மனுதாரராக இருக்கும்போது காலண்டர் எவ்வளவு துல்லியமாக ஓடுகிறது!

இனி என்னை உறுத்திக்கொண்டே இருக்கும் விஷயத்துக்கு வருகிறேன். கன்டெம்ட் கோப்பை வேகப்படுத்துகிறது, சரி. யாருடைய கோப்பை? ஒரே பிரச்சினைக்காகப் பல ஆசிரியர்கள் தனித்தனி ரிட் போட்டு, எல்லாவற்றுக்கும் சேர்த்து ஒரே பொது உத்தரவு வரும். சட்டப்படி எல்லோருக்கும் அதே நாளில் அதே உரிமை. அவர்களில் இரண்டு பேர் மட்டும் கன்டெம்ட் போடுவார்கள். அந்த இரண்டு பேருக்கு மட்டும் ஒப்புதல் வரும். மற்றவர்களின் கோப்பில் உதவியாளர் இப்படிக் குறிப்பு எழுதுவார்: ‘இவர் அவமதிப்பு வழக்குத் தொடரவில்லை.’ அதாவது அவசரமில்லை. அலுவலகத்தில் கோர்ட் உத்தரவுகளை நிறைவேற்றும் வரிசை உத்தரவின் தேதிப்படி இல்லை, கன்டெம்ட் எண்ணின்படி. இரண்டாவது முறை வக்கீல் ஃபீஸ் கட்ட முடிந்தவர் முன்னால் போகிறார். கட்ட முடியாதவர், ‘ஆர்டர்தான் வந்துடுச்சே, எப்படியும் கொடுத்துருவாங்க’ என்று வீட்டில் காத்திருக்கிறார். இப்படிக் காத்திருந்த ஒரு பள்ளி இரவுக் காவலரின் கோப்பு என் மேசையைக் கடந்து போயிருக்கிறது. அவருக்குப் பின்னால் உத்தரவு வாங்கியவர்களெல்லாம் சம்பளம் வாங்கிக்கொண்டிருந்தார்கள்.

காத்திருப்பதில் இன்னொரு ஆபத்து. அவமதிப்பு நடந்ததாகச் சொல்லும் நாளிலிருந்து ஓராண்டு, அதுதான் சட்டத்தின் 20ஆம் பிரிவு. கெடு முடிந்த மறுநாளிலிருந்து எண்ணிக்கொள்ளுங்கள். 2001இல் பல்லவ் சேத் வழக்கில் உச்ச நீதிமன்றம் ஒரு வசதி செய்துகொடுத்தது: ஓராண்டுக்குள் மனுவைத் தாக்கல் செய்துவிட்டால் போதும், கோர்ட் நோட்டீஸ் அனுப்புவது அதற்குப் பிறகு என்றாலும் பாதகமில்லை. ஆனால் தாக்கலே செய்யாமல் அலுவலகத்துக்கு நினைவூட்டுக் கடிதம் எழுதிக்கொண்டிருந்தால், அந்தக் கடிதங்கள் ஓராண்டை நீட்டித் தராது. அலுவலகத்தில் சிலருக்கு இந்தக் கணக்கு நன்றாகவே தெரியும். “அடுத்த மாசம் வாங்க, ஃபைல் கோட்டையில இருக்கு” என்று அன்பாகப் பேசி அனுப்புகிறவர்களை நான் கொஞ்சம் சந்தேகத்தோடுதான் பார்ப்பேன். அக்கா மகளின் நல்லாப் பேசுற ஆபீசர் அந்த ரகமா என்று தெரியாது. ஆனால் காலண்டரில் தேதியைக் குறித்து வைக்கச் சொன்னேன்.

கன்டெம்ட் போட்டாள். எதிர்பார்த்த மாதிரியே, நோட்டீஸ் போன பிறகு அரசு அப்பீல் போட்டது. “எஸ்.ஆர். ஸ்டேஜில் இருக்கிறது” என்றார் அரசு வழக்கறிஞர். மனு தாக்கலாகி இன்னும் எண் ஆகவில்லை என்று அர்த்தம். அப்பீல் போட்டதாலேயே உத்தரவு நின்றுவிடாது, தடை வாங்கினால்தான் நிற்கும். அதே சமயம், தடை கேட்ட மனு நிலுவையில் இருக்கும்போது அதை முதலில் விசாரித்துவிட்டுக் கன்டெம்டுக்குப் போவதுதான் நல்லது என்று 1995இல் மாடர்ன் ஃபுட் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. ஆகவே அந்த எஸ்.ஆர். எண்ணுக்கு இரண்டு மூன்று வாய்தா கிடைக்கும். கிடைத்தது.

பிறகு ஒப்புதல் வந்தது. ‘ரிட் அப்பீலின் முடிவுக்கு உட்பட்டு’ என்ற வரியோடு. அவள் அழுதாள், அந்த வரியைப் பார்த்து. நான் சொன்னேன், அந்த வரி எல்லா ஆர்டரிலும் இருக்கும். முதலில் சம்பளத்தை வாங்கு.

இங்கேதான் பலர் சறுக்குவார்கள். உத்தரவில் ‘பரிசீலித்து முடிவெடுக்க’ என்று மட்டும் இருந்தால், மறுத்து ஒரு கடிதம் கொடுத்தாலே உத்தரவை நிறைவேற்றியாயிற்று. மறுத்தது தப்பு என்றால் மறுபடியும் ரிட்தான். கன்டெம்ட் கோர்ட் அந்த மறுப்பின் சரி தவறுக்குள் போகாது. 1996இல் பரிஹார் வழக்கிலிருந்து இதுதான் நிலை. ‘ஒப்புதல் வழங்க’ என்று மட்டும் இருந்தால் ஒப்புதலோடு மனு முடிந்துவிடும், நிலுவைச் சம்பளத்துக்கு மறுபடி அலைய வேண்டும். ‘ஒப்புதலும், நியமன நாளிலிருந்து ஊதியமும் நிலுவையும்’ என்று இருந்தால் பணம் வரும் வரை மனுவை உயிரோடு வைத்திருக்கலாம். வழக்குப் போடும்போதே கோரிக்கைப் பத்தியை ஒருமுறை வாசித்துப் பாருங்கள். வக்கீல்கள் அவசரத்தில் பழைய மனுவிலிருந்து எடுத்து ஒட்டிவிடுவார்கள். அவள் வக்கீல் கெட்டிக்காரர், ஊதியத்தையும் சேர்த்தே கேட்டிருந்தார். நீதிபதியும் ஒப்புதல் ஆணையைப் பார்த்துவிட்டு, “சம்பளம்?” என்று ஒரே சொல்லில் கேட்டு, மனுவை முடிக்காமல் தள்ளி வைத்தார்.

நிலுவைப் பட்டியல் இப்போது கருவூலத்தில் இருக்கிறது. ஆட்சேபணை போட்டுத் திருப்பியிருக்கிறார்கள்: பணிப்பதிவேட்டில் ஒரு பக்கத்தில் பள்ளிச் செயலரின் கையெழுத்து இல்லையாம். செயலர் வெளியூர் போயிருக்கிறார், வெள்ளிக்கிழமை வருகிறார். வாய்தா அடுத்த புதன்கிழமை.